பண்டாரிலிருந்து சீரியா வரை: சாலை அருமை, பேருந்துதான் குறை

புருணைக்கு இந்த முறை பள்ளி விடுமுறையில் குடும்பத்தோடு போயிருந்தேன். தலைநகர் பண்டார் செரி பெகவான் விமான நிலையத்தில் குடிநுழைவு சோதனை சீக்கிரமே முடிந்தது. கையில் இருந்த சிங்கப்பூர் வெள்ளியையே (டாலர்) செலவழித்தோம். 1967 முதல் இரு நாட்டு வெள்ளியும் சம மதிப்பு என்பதால் மாற்றவே தேவையில்லை.

அக்கா வீடு சீரியாவில். 1929-ல் எண்ணெய் கண்டுபிடித்த ஊர்; அப்பாவும் அந்த எண்ணெய் வேலைக்குத்தான் வந்தார். தலைநகரிலிருந்து ஏறக்குறைய நூறு கிலோமீட்டர். துத்தோங் வரை கடலோர நெடுஞ்சாலை, அப்புறம் தெலிசாய்–லுமுட் நெடுஞ்சாலை. போக ஒரு பாதை, வர ஒரு பாதை, நடுவே தடுப்பு. சுங்கக் கட்டணமும் இல்லை. நாங்கள் சிறுபிள்ளைகளாக இருந்தபோது எதிரும் புதிருமாக வண்டிகள் ஓடிய குறுகலான சாலை அது. லாரியை அப்பா முந்தும்போதெல்லாம் அம்மா "முருகா" என்று கண்ணை மூடிக்கொள்வார். இப்போது என் பிள்ளைகள் பின்னிருக்கையில் நிம்மதியாகத் தூங்கினார்கள். இந்தச் சாலையைப் போட்டவர்களுக்கு மனதார நன்றி சொல்கிறேன்.

பெட்ரோல் லிட்டர் 53 காசு, அரசு மானியம். எல்லைக்கு அப்பால் மலேசியாவின் மீரி நகரிலிருந்து மலேசியப் பதிவெண் காரில் வருகிறவர்களுக்கு இந்த விலை கிடையாது. வெள்ளிக்கிழமை புறப்படுகிறவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும்: தொழுகைக்காக நண்பகல் 12 முதல் 2 மணி வரை கடைகள், உணவகங்கள் எல்லாம் மூடியிருக்கும். குழந்தைகள் இருந்தால் சாப்பாட்டை முன்னதாகவே வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

இவ்வளவும் கார் வைத்திருப்பவர்களுக்கு. காரை அத்தானிடம் விட்டுவிட்டு ஒரு நாள் பேருந்தில் பண்டாருக்குப் போகலாம் என்று கிளம்பினேன். நிறுத்தத்தில் கால அட்டவணை இல்லை. பேருந்து எப்போது வரும் என்று கேட்டால் ஆளுக்கொரு நேரம் சொன்னார்கள். வெயிலில் என்னோடு நின்றவர்களில் புதுக்கோட்டைப் பக்கத்திலிருந்து ஒப்பந்த வேலைக்கு வந்த தம்பி ஒருவரும் இருந்தார். கடவுச்சீட்டைப் புதுப்பிக்க இந்தியத் தூதரகத்துக்குப் போக வேண்டும். தூதரகம் இருப்பது பண்டாரில். "டாக்சியில போனா பாதிச் சம்பளம் போயிடும் அண்ணே. திரும்பி வர பஸ் இல்லன்னா ராத்திரி எங்க தங்குறது?" என்றார். எண்ணெய் வயல்களில் குழாய் பதிப்பதும் சாரம் கட்டுவதும் இவரைப் போன்றவர்கள்தாம். அவர்கள் உழைப்பில் ஓடும் ஊரில், அவர்கள் தலைநகருக்குப் போய்வர வழியில்லாமல் நிற்பதைப் பார்க்க எனக்குக் கோபமாகவே வந்தது.

கடைசியில் அத்தானை வரச் சொல்லி, அந்தத் தம்பியையும் காரிலேயே கூட்டிக்கொண்டு போனோம். வழி நெடுக அவர் சாலையைப் பார்த்து வியந்துகொண்டே வந்தார்.

நல்ல சாலை ஏற்கெனவே இருக்கிறது. காலையில் இரண்டு, மாலையில் இரண்டு என நேரம் தவறாத பேருந்துகளை விட்டாலே போதும். நேரத்தை நிறுத்தத்தில் மலாயிலும் ஆங்கிலத்திலும் எழுதி ஒட்டட்டும். அதுவரை கார் இல்லாமல் சீரியா, கோலா பெலாயிட் பக்கம் வருகிறவர்கள், திரும்பிப் போக யார் வண்டி வரும் என்பதை உறுதி செய்துகொண்ட பிறகே கிளம்புங்கள்.