ஏடிவியில் பின்னால் உட்கார்ந்து வந்தவருக்கு எந்தக் கோட்? 86.65, 86.15, 86.95 ஓர் ஒப்பீடு

கடலூர் மஞ்சக்குப்பத்தில் எங்கள் வீட்டு மாடியில் ஞாயிற்றுக்கிழமைகளில் நான்கைந்து பேர் மெடிக்கல் கோடிங் (நோயையும் காயத்தையும் குறியீட்டு எண்களாக மாற்றும் வேலை) தேர்வுக்குப் படிக்க வருகிறார்கள். போன வாரம் அவர்களுக்குப் பயிற்சிக்காக நானே ஓர் ஈடி சார்ட் (அவசர சிகிச்சைப் பிரிவின் நோயாளிக் குறிப்பு) எழுதிக் கொடுத்தேன். அமெரிக்காவில் ஒரு பண்ணை. 16 வயதுப் பெண், அண்ணன் ஓட்டிய நாலு சக்கர ஏடிவியில் (கரடுமுரடான நிலத்தில் ஓட்டும் திறந்த வண்டி) பின்னால் உட்கார்ந்து போகிறாள். தாத்தாவின் நிலத்துக்குள்ளேயே வயலை ஒட்டிப் போகும் மண் ரோட்டில் வண்டி கவிழ்ந்து வலது காறை எலும்பு முறிகிறது.

எலும்பு முறிவுக் கோடில் யாருக்கும் சண்டை இல்லை. காயம் எப்படி ஏற்பட்டது என்று சொல்லும் எக்ஸ்டர்னல் காஸ் கோடில்தான் ஆளுக்கொரு விடை. ஒருவர் வி 86.15 போட்டார், ஒருவர் வி 86.95, நெல்லிக்குப்பத்திலிருந்து வரும் பெண் மட்டும் வி 86.65. "அக்கா, மூணுமே அதே வண்டிதானே, எதைப் போட்டா என்ன?" என்று கேட்டார்கள். நியாயமான கேள்வி. அமெரிக்காவின் கோட் பட்டியலான ஐசிடி-10-சிஎம்மில் இந்தக் கோட்கள் முதல் டயக்னோசிஸாக ஒருபோதும் வராது. மாநிலமோ பணம் கட்டும் நிறுவனமோ கேட்காவிட்டால் நாடு முழுக்கக் கட்டாயமும் கிடையாது. அதனாலேயே பலர் இதை அவசரத்தில் முடிக்கிறார்கள். என் விடை 86.65தான். ஏன் என்று சொல்கிறேன்.

முதலில் 95-ஐயும் 65-ஐயும் வைத்துப் பார்ப்போம். இரண்டும் பொதுச்சாலையில் நடக்காத விபத்து. 65 என்றால் பயணி. 95 என்றால் வண்டியில் இருந்தவர்தான், ஓட்டினாரா உட்கார்ந்து வந்தாரா என்று தெரியவில்லை. சார்ட்டில் பின்னால் உட்கார்ந்து வந்தாள் என்று எழுதியிருக்கும்போது 95 போடுவது, கையில் இருக்கும் தகவலைத் தூக்கிப் போடுவதுதான். ஏடிவியைப் பொறுத்தவரை இந்தத் தகவல் ரொம்ப முக்கியம். பெரும்பாலான ஏடிவிகள் ஒரே ஆளுக்காகச் செய்த வண்டிகள். ஓட்டுபவர் வளைவில் உடம்பைச் சாய்த்து, எடையை மாற்றித்தான் வண்டியைக் கவிழாமல் நிறுத்துகிறார். பின்னால் இன்னொருவர் இருந்தால் அவர் நகர இடமே இல்லை. ஆளை ஏற்றாதீர்கள் என்று வண்டியிலேயே எச்சரிக்கை ஒட்டியிருக்கும். அப்படி ஏறக் கூடாத இடத்தில் ஏறி அடிபட்டவர்கள் எத்தனை பேர் என்று யாராவது எண்ணிப் பார்க்க வேண்டுமானால், அந்த எண்ணிக்கை நாம் போடும் 55-க்கும் 65-க்கும் நடுவில்தான் இருக்கிறது. 55 ஓட்டுநர், 65 பயணி. 95 போட்டால் அந்தப் பெண் எந்தக் கணக்கிலும் வர மாட்டாள்.

சார்ட்டில் நிஜமாகவே எதுவும் இல்லை என்றால் 95 சரியான கோட்தான், அதில் தப்பில்லை. ஆனால் டாக்டர் எழுதிய எச்பிஐயின் (நோயாளிக்கு என்ன நடந்தது என்ற விவரக் குறிப்பு) கடைசி வரி வரை படித்த பிறகுதான் அங்கே போக வேண்டும்.

அடுத்து 15-ஆ 65-ஆ? 15-உம் பயணிக்குத்தான், ஆனால் பொதுச்சாலையில் நடந்த விபத்துக்கு. இதில் நானே அடி வாங்கியிருக்கிறேன். வேலைக்குச் சேர்ந்த முதல் வருடம், சார்ட்டில் ரோடு என்ற சொல்லைப் பார்த்ததும் பொதுச்சாலை விபத்து என்று 15 போட்டுவிட்டேன். ஆடிட்டில் எரர் வந்தது. அது சொந்த நிலத்துக்குள் போகும் மண் பாதை என்று அதற்கு முந்தைய வரியிலேயே இருந்திருக்கிறது.

டேபுலரில் (கோட்களை எண் வரிசையில் தரும் பட்டியல்) போக்குவரத்து விபத்துப் பகுதியின் தொடக்கத்தில் உள்ள விளக்கத்தை எத்தனை முறை படித்தாலும் தகும். உரிமையாகவோ வழக்கமாகவோ பொதுமக்கள் ஓர் இடத்திலிருந்து இன்னோர் இடத்துக்குப் போகத் திறந்திருக்கும் நிலம்தான் பொதுச்சாலை. தாரா மண்ணா என்பது கேள்வியே இல்லை. ஊரார் எல்லோரும் போய்வரும் மண் ரோடும் பொதுச்சாலைதான், வேலிக்குள் இருக்கும் தார் ரோடு அப்படியில்லை. அப்புறம் இன்னொரு விதி. பொதுவாக எந்த வாகன விபத்துக்கும், வேறு இடம் என்று சொல்லாதவரை, பொதுச்சாலையில் நடந்ததாகவே எடுத்துக்கொள்ள வேண்டும். ஆஃப்-ரோடு வண்டிகள் மட்டும் சம்பந்தப்பட்ட விபத்துக்கு இது நேர்மாறு: சாலை என்று எழுதியிருந்தால் ஒழிய அது சாலைக்கு வெளியே நடந்ததுதான். ஆகவே நம் சார்ட்டில் இடமே எழுதாமல் விட்டிருந்தால்கூட 65தான். கார் சார்ட்களையே பார்த்துப் பழகியவர்கள் தடுமாறுவது இங்கேதான்.

வண்டி வகையைத் தேர்வது இவ்வளவு கஷ்டமில்லை. சாலைக்கு வெளியே அடிபட்ட பயணிக்கு மணல்மேட்டு பக்கி (மணலில் ஓட்டும் திறந்த வண்டி) 63, மூன்று அல்லது நாலு சக்கர ஏடிவி 65, டர்ட் பைக் 66, ஸ்னோமொபைல் 62. மூன்று சக்கர ஏடிவி புதிதாக விற்பது அமெரிக்காவில் 1988-லேயே நின்றுவிட்டது, ஆனால் பழைய வண்டிகள் ஓடுவதால் பெயர் கோடில் அப்படியே இருக்கிறது. மற்றவை என்னும் 69-இல் கோல்ஃப் கார்ட், கோ-கார்ட் எல்லாம் வரும். எந்த வண்டி என்று தேட அலுப்பாக இருக்கிறது என்று 69 போடுகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். நாலு சக்கர ஏடிவி என்று எழுதிய சார்ட்டுக்கு 69 போட்டால் அது எரர்தான்.

ஜீப்பைப் பற்றி ஒரு வார்த்தை. வீட்டு ஜீப்பையோ எஸ்யூவியையோ தேவனாம்பட்டினம் சில்வர் பீச் மணலில் இறக்கி ஓட்டினாலும் அது கார்தான். கரடுமுரடான நிலத்திலும் மணலிலும் பனியிலும் ஓடவென்றே தனி வடிவத்தில் செய்த வண்டிக்குத்தான் வி 86. எதன் மீதும் மோதாமல் மணலில் கவிழ்ந்த காரில் இருந்த பயணிக்கு வி 48.1.

பயணி என்ற சொல்லிலும் ஒரு சிக்கல் உண்டு. கூண்டுக் கம்பியைப் பிடித்து வெளியே தொங்கிக்கொண்டோ, படியில் நின்றுகொண்டோ வந்தவர் பயணிக் கணக்கில் வர மாட்டார், அவருக்கு 75. ஏறும்போதோ இறங்கும்போதோ விழுந்தால் 45, அதில் சாலையா இல்லையா என்ற பிரிவே கிடையாது.

கோடின் ஆறாம் இடத்தை நிரப்ப எக்ஸ், ஏழாம் இடத்தில் சிகிச்சைக் கட்டத்தைச் சொல்லும் ஏ, டி, எஸ் என்பதை யாரும் மறப்பதில்லை. ஆனால் ஏ என்றால் முதல் விசிட் என்று நினைக்கிறார்கள். தீவிர சிகிச்சை நடக்கிற வரை ஏதான், குணமாகி வரும் கட்டத்தில்தான் டி, பின்விளைவுக்கு எஸ். விபத்து நடந்த இடத்துக்குத் தனிக் கோட் உண்டு: வயல் என்றால் ஒய் 92.73, கடற்கரை என்றால் ஒய் 92.832. அதை முதல் சிகிச்சையின்போது ஒரே ஒரு தடவை போட்டால் போதும்.

இதெல்லாம் அமெரிக்கப் பதிப்பு. உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10-இல் வி 86.6 என்று நாலு இடத்தோடு முடிந்துவிடும். ஏடிவியா பக்கியா என்று பிரிக்க அதில் வழியில்லை, ஆனால் பயணி, ஓட்டுநர், வெளியே தொங்கியவர் என்ற பிரிவு அதிலும் உண்டு. நம் மாவட்டத்துக்கு அதில் 86-ஐ விட 84-தான் அதிகம் தேவைப்படும். விவசாய வண்டிகளுக்கான கோட் அது, டிராக்டரும் அதன் ட்ரெய்லரும் அதில் அடக்கம். கரும்பு வெட்டிவிட்டு ட்ரெய்லரில் உட்கார்ந்து வரும் பெண் ஊர் ரோட்டில் விழுந்தால் 84.1, வயலுக்குள் விழுந்தால் 84.6. இணைப்புக் கம்பியில் நின்று வந்த பையனுக்கு 84.2, வயலுக்குள் என்றால் 84.7. வருகிற ஞாயிற்றுக்கிழமைக்கு இந்த டிராக்டரை வைத்தே நாலு சார்ட் எழுதி வைத்திருக்கிறேன்.