டைட்டன் வண்டா, ஹெர்குலிஸ் வண்டா?

உலகின் மிகப் பெரிய வண்டு எது என்று கேட்டால் இந்த இரண்டு பெயர்களும் கட்டாயம் வரும். கொம்பையும் சேர்த்து அளந்தால் ஹெர்குலிஸ்தான் நீளம். ஆண் வண்டு 17 சென்டிமீட்டரைத் தொடும். கொம்பை விட்டுவிட்டு உடலை மட்டும் பார்த்தால், 16 சென்டிமீட்டருக்கு மேல் வளரும் டைட்டனே பெரியது. என் ஓட்டும் டைட்டனுக்குத்தான்.

ஹெர்குலிஸ் மத்திய அமெரிக்கா, தென் அமெரிக்காவின் வடபகுதி, அப்புறம் குவாதலூப், டொமினிக்கா போன்ற கரீபியத் தீவுகளின் மழைக்காடுகளில் வாழ்கிறது. அதன் புழு மக்கிய மரத்தைத் தின்று ஒரு வருடத்துக்கு மேல் வளரும். வளர்ந்த வண்டுக்குப் பழம் போதும். காற்று காய்ந்திருந்தால் அதன் மேலிறக்கை மஞ்சள் கலந்த பச்சையாக இருக்கும். ஈரம் ஏறினால் கறுத்துவிடும். எவ்வளவு அழகான ஏற்பாடு! ஜப்பானில் இதை வீட்டிலேயே வளர்க்கிறார்கள்.

டைட்டனை அப்படி வளர்ப்பது லேசில்லை. அமேசான் பகுதி மழைக்காடுதான் அதன் வீடு. பிரெஞ்சு கயானா, பிரேசில், பெரு என்று பரவியிருக்கிறது. வளர்ந்த வண்டு எதுவும் தின்பதில்லை. புழுப் பருவத்தில் சேர்த்த கொழுப்பில்தான் மிச்ச நாட்களை ஓட்டுகிறது. ஆண் வண்டுகள் இரவில் விளக்கொளிக்குப் பறந்து வருவதால் ஆய்வாளர்கள் அங்கேயே காத்திருந்து பிடிக்கிறார்கள். பெண் வண்டு கண்ணில் படுவது அரிது.