சத்தம் குறைத்து வாசித்த மூவர்: யங் மார்பிள் ஜயண்ட்ஸின் ஒரே ஆல்பம்

வேல்ஸின் தலைநகரான கார்டிஃபில் 1978-இல் தொடங்கி, சில ஆண்டுகளிலேயே கலைந்துபோன யங் மார்பிள் ஜயண்ட்ஸ் என்ற மூவர் குழு, 'கலாசல் யூத்' என்ற ஒரேயொரு முழு ஆல்பத்தை 1980-இல் ரஃப் டிரேட் நிறுவனத்தின் வழியாக வெளியிட்டது. பங்க் இசையின் இரைச்சல் இன்னும் அடங்கியிராத காலம் அது. எத்தனை முறை கேட்டாலும் எனக்கு இந்த ஆல்பத்தின் மீதுள்ள பிரியம் குறைவதில்லை.

குழுவில் டிரம்ஸ் வாசிப்பவர் எவரும் இல்லை. ஸ்டூவர்ட் மாக்ஸம் கிட்டாரும் ஆர்கனும் வாசிக்க, அவருடைய சகோதரர் பிலிப் தாழ்ந்த சுரங்களைத் தரும் பேஸ் கிட்டார் வாசிக்க, அலிசன் ஸ்டேட்டன் பாடினார். உறவினர் ஒருவர் தம் கையாலேயே செய்து கொடுத்த டிரம் மெஷினின் ஒலியைக் கேசட்டில் பதிந்து வைத்துக்கொண்டு, அதைத் தாளமாக ஓடவிட்டார்கள்.

ராக் இசையில் பெரும்பாலும் கிட்டார் மெட்டைச் சுமக்கும். பேஸ் அடியில் நின்று தாங்கும். இங்கே இரண்டும் இடம் மாறியிருக்கின்றன. பிலிப்பின் பேஸ் மெட்டாகவே நடந்து போக, ஸ்டூவர்ட் உள்ளங்கையின் ஓரத்தைத் தந்திகளின் மீது அழுத்தியபடி மீட்டுவதால் ஒவ்வொரு சுரமும் பிறந்த கணத்திலேயே அறுபட்டு, கிட்டாரே ஒரு தாளக்கருவியைப் போல ஒலிக்கிறது. இரண்டு சுரங்களுக்கு நடுவே விழும் அந்தச் சிறு மௌனத்தை அவர்கள் எதைக் கொண்டும் நிரப்பவில்லை. கைபேசியின் ஒலிபெருக்கியில் பேஸ் காணாமல் போய்விடும் என்பதால், ஹெட்ஃபோனில் கேட்பதே நல்லது.

அலிசனின் குரல் பக்கத்தில் அமர்ந்து பேசுபவரின் அளவுக்கு மேல் எழுவதில்லை. பிரிவின் வேதனையைச் சொல்லும் வரிகளையும் அவர் குரல் நடுங்காமல், ஒரு செய்தியைச் சொல்வது போலப் பாடிவிட்டு நகர்கிறார். கேட்பவருக்குத்தான் நெஞ்சு கனக்கிறது.

மொத்தம் 15 பாடல்கள். அவற்றில் சில, வளர்வதற்கு முன்பே முடிந்துவிட்ட குறிப்புகளாக நிற்கின்றன என்பதையும், ஆர்கன் முன்னால் வரும் இடங்களில் பேஸும் கிட்டாரும் தரும் இறுக்கம் தளர்கிறது என்பதையும் சொல்லியாக வேண்டும்.

அமெரிக்க ராக் குழுவான நிர்வானாவின் பாடகர் கர்ட் கோபேன் தமக்கு மிகவும் பிடித்த ஆல்பங்களின் பட்டியலில் இதையும் சேர்த்திருந்தார். இந்த ஆல்பத்தில் உள்ள 'கிரெடிட் இன் த ஸ்ட்ரெய்ட் வேர்ல்ட்' பாடலை ஹோல் என்ற அமெரிக்க ராக் குழு 1994-இல் தன் ஆல்பத்தில் முழு வேகத்தோடும் கூச்சலோடும் பாடியது. அதைக் கேட்டுவிட்டு உடனே மூலப்பாடலுக்குத் திரும்பினால், எவ்வளவு குறைவான ஒலிகளைக் கொண்டு அதே கடுமையை இவர்கள் எட்டியிருக்கிறார்கள் என்பது வியப்பாக இருக்கிறது.

வாங்குவதானால், டாமினோ நிறுவனம் 2007-இல் கொண்டுவந்த விரிவான பதிப்பைத் தேடிப் பிடியுங்கள். தனியாக வெளிவந்த 'ஃபைனல் டே' பாடலும் அதில் இருக்கிறது. அணுப்போரில் உலகம் முடியும் நாளைப் பற்றிய அந்தப் பாட்டு இரண்டு நிமிடங்கள்கூட நீடிப்பதில்லை. அதன் பின்னணியில் மெல்லிய கீச்சுச் சுரம் ஒன்று அசையாமல் நின்றுகொண்டே இருக்கிறது.