காலிப் தெகின்: தாளிலா, திரையிலா?

துருக்கியின் விசித்திரக் கதைச் சித்திரக்காரர் காலிப் தெகினை (1958–2017) அணுக இரண்டு வழிகள் உண்டு: ‘கிர்கிர்’ போன்ற நகைச்சுவை இதழ்களில் அவர் வரைந்த காமிக்ஸ்; அவருடைய கதைகளைக் கொண்டு 2012இல் ஸ்டார் டிவியில் வந்த ‘அஜாயிப் ஹிகாயெலெர்’ தொடர்.

என் ஓட்டு தாளுக்கே. வேற்றுலகப் பிராணி ஒன்றைக் காட்ட அங்கே மையும் பேனாவும் போதும். திரையிலோ ஒப்பனை, செட், கிராபிக்ஸ் என்று பணம் கரையும். பணம் குறைந்தால் பயமும் குறையும், சிரிப்புதான் வரும். இன்னொரு சிக்கல், துருக்கியில் தொலைக்காட்சியைக் கண்காணிக்க அரசு அமைப்பு ஒன்று இருக்கிறது. இதழில் துணிந்து வரையும் குரூரத்தையும் காமத்தையும் வீட்டுக் கூடத்துக்கு அப்படியே கொண்டுவர முடியாது.

தொடருக்கும் ஒரு பலம் உண்டு: இதழ் வாங்காதவர்களையும் அது எட்டும். துருக்கி மொழி தெரியாதவர்கள் காமிக்ஸிலிருந்தே தொடங்கலாம். பாதிக் கதையைப் படங்களே சொல்லிவிடும்.