பிரிக்பீல்ட்ஸ் சட்ட ஆலோசனையகம்: பேராசிரியர் தகுதிச் சிக்கலுக்கு எந்த அளவு உதவும்?

தமிழ்நாட்டில் முனைவர் பட்டம் பெற்றுக் கோலாலம்பூரில் குடியேறிய என் அண்ணி, ஊர் திரும்பினால் உதவிப் பேராசிரியர் பணிக்கு விண்ணப்பிக்கலாமா என்று அறிய அந்நகரின் பிரிக்பீல்ட்ஸ் பகுதியிலுள்ள இந்த ஆலோசனையகத்தை நாடினோம்.

வழக்கறிஞர் அம்மையாருக்கு விஷயம் தெரிந்திருந்தது. நெட் என்னும் தேசியத் தகுதித் தேர்வை வலியுறுத்திய பல்கலைக்கழக மானியக் குழுவின் 2009ஆம் ஆண்டு விதிமுறைகள் செல்லும் என்று, பி. சுசீலா (பாடகி அல்லர்) தொடுத்த வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் 2015இல் தீர்ப்பளித்ததையும், 2009 ஜூலை 11க்கு முன் முனைவர் பட்டத்திற்குப் பதிந்தவர்களுக்கு 2016ஆம் ஆண்டுத் திருத்தம் நிபந்தனைகளுடன் விலக்கு அளித்ததையும் பொறுமையாக விளக்கினார். முறையான (ரெகுலர்) படிப்பா, வெளித் தேர்வாளர் இருவர் ஆய்வேட்டை மதிப்பிட்டார்களா, வாய்மொழித் தேர்வு பொதுவில் நடந்ததா என்று அண்ணியின் கோப்பைப் புரட்டிப் பென்சிலால் ஒவ்வொன்றாகக் குறித்தார். விலக்குக்குத் தேவையான இரு கருத்தரங்கச் சான்றிதழ்களில் இரண்டாவது இல்லாததும் அப்போதுதான் தெரிந்தது. கொடுத்த காசுக்கு இது ஒன்றே போதும்.

எழுத்து வடிவ ஆலோசனைதான் தாமதம். இருமுறை நினைவூட்ட வேண்டியிருந்தது. உலகத் தரவரிசையில் முதல் 500 இடங்களுக்குள் வரும் வெளிநாட்டுப் பல்கலைக்கழகத்தின் முனைவர் பட்டத்திற்கு நெட் தேவையில்லை என்னும் 2018ஆம் ஆண்டு விதி, மலாயாப் பல்கலைக்கழக மாணவர்கள் முதலில் கேட்கக்கூடியது. ஆலோசனையகத்தின் விளக்கத்தாளில் அதைக் காணோம்.

வழக்கே தொடுப்பதென்றால் சென்னையிலோ மதுரையிலோ தனியே வழக்கறிஞர் வைத்துக்கொள்ள வேண்டும். இவர்கள் அங்கே வாதாட முடியாது.