யான் கிராஸ் நூல்கள்: எதில் தொடங்கலாம்?

முதலில் வரலாற்றாசிரியர் யான் கிராஸின் ‘அண்டை வீட்டார்’ (2000). சின்னப் புத்தகம்தான். 1941 ஜூலை 10 அன்று போலந்தின் யெட்வப்னே ஊரில் யூதர்களைக் களஞ்சியத்தில் அடைத்து எரித்தவர்கள் அதே ஊர்க்காரர்கள் என்பதை, உயிர் தப்பியவரின் 1945 வாக்குமூலத்தையும் 1949 வழக்குக் கட்டுகளையும் வைத்து நிறுவுகிறார். எண்ணிக்கையில் மட்டும் உஷார்: அவர் 1,600 என்கிறார், போலந்தின் தேசிய நினைவு நிறுவனம் குறைந்தது 340 என்றது. ஆனால் இறந்தவர்களின் புதைகுழியைக் கலைக்கக் கூடாது என்ற யூத சமய விதியை மதித்து அகழ்வைப் பாதியில் நிறுத்தியதால், 340 என்பது கீழ்வரம்பு மட்டுமே. அப்போது ஊரை ஆக்கிரமித்திருந்த ஜெர்மானியர் பங்கைப் பற்றிய அலசல் போதாது.

‘அச்சம்’ (2006) இன்னும் கனமானது. 1946 ஜூலை 4, போர் முடிந்த பிறகு, போலந்தின் கியெல்ட்சே நகரம். யூதர்கள் வசித்த பிளான்டி தெரு 7ஆம் எண் வீட்டு நிலவறையில் தன்னை அடைத்து வைத்ததாக 8 வயதுச் சிறுவன் சொல்கிறான். அந்த வீட்டில் நிலவறையே கிடையாது! ஆனாலும் அதை நம்பிய கூட்டம் தாக்கியதில் 42 யூதர்கள் செத்தார்கள்; காவலர்களும் சிப்பாய்களும் உடந்தை. போரின்போது பறித்த சொத்தை யூதர்கள் திருப்பிக் கேட்பார்களோ என்ற பயமே வெறுப்பை வளர்த்தது என்பது கிராஸின் வாதம். அழுத்தமான வாதம்தான், ஆனால் நடையில் கோபம் சற்றுத் தூக்கல்.

‘பொன் அறுவடை’, நாஜிகளின் ட்ரெப்ளிங்கா கொலைமுகாம் இருந்த இடத்தில் எடுத்ததாகச் சொல்லப்படும் ஒரு புகைப்படத்தில் தொடங்குகிறது. அந்தப் படத்தில் இருப்பவர்கள் யார் என்பதிலேயே சர்ச்சை. கடைசியாக வாங்கினால் போதும்.