வல்லிபுரக் கடல் தீர்த்தமும் ஒரு வான் திறப்பும்

கடல் தீர்த்தத்துக்கு வான் பிடித்துப் போகிறவர்களுக்கு முதலில் இதைச் சொல்லிவிடுகிறேன்: மாற்று உடுப்பை வானுக்குள் வைத்துப் பூட்டிவிட்டுக் கடலுக்குப் போகாதீர்கள்.

1988-ல் கனடாவுக்கு வெளிக்கிட்ட பிறகு அம்மாவோடு பருத்தித்துறைப் பக்கம் இருக்கும் வல்லிபுர ஆழ்வார் கோயிலுக்குப் போகவே கிடைக்கவில்லை. அம்மாவுக்கு இப்போது 81 வயது. அதனால் இந்த முறை, சுவாமி கடலுக்குத் தீர்த்தமாட வருகிற புரட்டாசிப் பௌர்ணமியைப் பார்த்தே லீவு எடுத்தேன்.

முன்பென்றால் எங்களுக்கு 750-ம் நம்பர் பஸ், பருத்தித்துறையில் இறங்கினால் தட்டிவான். மாற்று உடுப்பெல்லாம் ஒரு பனையோலை உமலுக்குள் இருக்கும். பெரியம்மா அந்த உமலை மடியில் வைத்துக்கொண்டு மணலில் இருப்பார். நாங்கள் எல்லோரும் தோய்ந்து, உடுப்பு மாற்றிய பிறகுதான் அவர் தண்ணீரில் கால் வைப்பார். அம்மாவின் முழங்காலுக்கு இனி பஸ் சரிவராது என்று, கோண்டாவிலில் இருந்து வான் ஒன்றை ஹயருக்குப் பிடித்தேன். ஓட்டி வந்த பையன் மரியாதையானவன்தான். "அண்ணை, நீங்கள் ஆறுதலாப் போட்டு வாங்கோ, நான் இந்த இடத்தை விட்டு அசையமாட்டன்" என்றான். நம்பி, பையை உள்ளே வைத்துவிட்டுப் போனோம்.

அந்த மணலும் அந்தக் கூட்டமும் அப்படியே இருக்கின்றன. சக்கரத்தாழ்வார் மணல் மேடுகளைத் தாண்டிக் கடலுக்கு வந்து சேர்ந்ததும் கரை முழுக்கக் "கோவிந்தா" என்று எழுந்த சத்தத்தில் எனக்குக் கண் கலங்கிவிட்டது. அம்மா என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு மூன்று முறை தலை முழுகினார். நிலவு கடலுக்கு மேல் வந்துவிட்டிருந்தது. இதற்காகத்தான் இவ்வளவு தூரம் வந்தேன்.

திரும்பி வந்தால் வான் நிற்கிறது, பையன் இல்லை. எல்லாக் கதவும் பூட்டு. போன் வெளிச்சத்தைக் கண்ணாடியில் வைத்துப் பார்த்தேன். பின் சீற்றில் பை இருக்கிறது. அம்மாவின் நீலச் சேலையும் அதன் மேல் மடித்து வைத்த துவாயும் தெளிவாகத் தெரிகின்றன. அம்மாவின் ஈரச் சேலையில் இருந்து தண்ணீர் சொட்டி, காலடி மணல் கறுத்துக்கொண்டிருந்தது. கடற்காற்று வேறு. பதினான்கு முறை போன் எடுத்தேன். முதலில் மணி அடித்தது, அப்புறம் அதுவும் இல்லை. அம்மா பல் கிடுகிடுக்க, "பரவாயில்லைத் தம்பி, அவனும் சாமி பாக்கப் போயிருப்பான்" என்கிறார்.

ரொறன்ரோவில் ஒரு டாக்ஸியைக் கூப்பிட்டால் அது எந்தச் சந்தியில் நிற்கிறது என்று போனிலேயே பார்க்கலாம். ஊரில் அதையெல்லாம் நான் எதிர்பார்க்கவில்லை. வயதான ஒரு மனுசியை ஈரத்தோடு கூட்டி வருவார்கள் என்று தெரிந்தவன் திறப்பைக் கொண்டுபோகலாமா? போனைக் கொஞ்சம் சார்ஜ் பண்ணி வைத்திருக்கக் கூடாதா?

பக்கத்தில் கச்சான் கடை வைத்திருந்த அக்கா எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டுதான் இருந்திருக்கிறார். வறுத்துக்கொண்டிருந்த தாச்சியை மகளிடம் கொடுத்துவிட்டு வந்தார். "ஆச்சி, இஞ்ச வாங்கோ" என்று அம்மாவைக் கடைக்குப் பின்னால் கூட்டிப்போனார். இரண்டு பெண்பிள்ளைகள் ஒரு சேலையை விரித்து மறைப்புப் பிடித்தார்கள். அடுத்த நாளைக்கென்று தான் வைத்திருந்த சோட்டியை அம்மாவுக்குப் போட்டுவிட்டு, கச்சான் அடுப்புக்குப் பக்கத்தில் இருத்தி, பிளேன்ரீயும் கொடுத்தார். காசை நீட்டினேன். "விசரே உங்களுக்கு?" என்று கையைத் தள்ளிவிட்டார்.

ஒரு மணித்தியாலமும் பத்து நிமிடமும் கழித்துத்தான் பையன் வந்தான். நண்பனின் மோட்டார் சைக்கிளில் பருத்தித்துறைக்குச் சாப்பிடப் போனானாம். அதைக்கூட மன்னித்துவிடலாம். வீட்டில் இறக்கிவிட்டு, ஹயர் காசோடு வெயிற்றிங் காசும் கேட்டான்! காத்து நின்றது நாங்கள். அந்தக் காசைக் கொடுக்கமாட்டேன் என்று சொல்லிவிட்டேன். காலையில் வான் சொந்தக்காரருக்குப் போன் பண்ணினால், "தீர்த்தத்தன்று அப்பிடித்தான் தம்பி" என்கிறார். வருந்துகிறேன் என்ற ஒரு சொல் அவர் வாயில் இருந்து வரவில்லை.

அதற்குள் அம்மா அந்தச் சோட்டியைத் தோய்த்துக் காயப்போட்டிருந்தார். அன்றைக்குக் கேணித் தீர்த்தம், அதோடு கடைகளைக் கழற்றிவிடுவார்கள், இன்றைக்கே கொடுத்தாக வேண்டும் என்று ஒரே பிடியாக நின்றார். வான் என்ற பேச்சே எடுக்கவில்லை. முழங்காலைப் பிடித்துப் பிடித்து 750-ல் ஏறினார். நடத்துநர் முன் சீற்றில் இருந்த ஒருவரை எழுப்பி அம்மாவை இருத்தினார்.

நாங்கள் போனபோது கச்சான்கார அக்கா அடுப்புச் சாம்பலை அள்ளிக்கொண்டிருந்தார். அம்மா சோட்டியைக் கொடுத்துவிட்டு அரைக் கிலோ கச்சான் கேட்டார். நிறுத்துச் சரை கட்டப்போனவர், தாச்சியில் மிஞ்சிக் கிடந்ததையும் வழித்து அதற்குள்ளேயே போட்டார்.